மேடை இசை நாடகத்தை வீட்டில் பார்க்கும்படி படம்பிடிப்பது எப்படி

அரங்கில் உட்கார்ந்திருப்பவர் எங்கே வேண்டுமானாலும் பார்க்கலாம். மேடையின் இடது ஓரத்தில் மகள் பாடிக்கொண்டிருப்பாள், வலது ஓரத்தில் தாய் வாய் திறக்காமல் நின்றிருப்பாள். ஒருவர் மகளைப் பார்ப்பார், பக்கத்து இருக்கைக்காரர் தாயைப் பார்ப்பார். வீட்டில் பார்ப்பவருக்கு அந்த உரிமை கிடையாது. நீங்கள் காட்டுவது மட்டுமே அவருக்கு நாடகம். அவருடைய கண்ணாகவும் காதாகவும் நீங்கள் அரங்கில் இருக்கிறீர்கள். எந்தக் கேமரா, எங்கே வைப்பது, எப்போது மாற்றிக் காட்டுவது என்று வரும் எல்லாக் கேள்விகளையும் இந்த இடத்திலிருந்து யோசித்தால் விடை சீக்கிரம் கிடைக்கும்.

முதலில் பதிவு யாருக்கு என்று தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். நியூயார்க் பொது நூலகம் 1970 முதல் மேடை நாடகங்களைப் பதிவு செய்து ஆவணமாகப் பாதுகாக்கிறது. அவற்றை நூலகத்துக்கே போய்த்தான் பார்க்க வேண்டும். ஆய்வாளருக்கும் கலைஞருக்கும் பயன்படும் அப்படிப்பட்ட பதிவின் நோக்கம், அன்று மேடையில் என்ன நடந்தது என்பதைக் காப்பாற்றி வைப்பது. குழுவின் நினைவுக்காக மட்டும் என்றால் நடுவில் ஒரு கேமராவை வைத்து முழு மேடையையும் எடுத்தால் போதும். முன்பின் தெரியாத ஒருவர் சோபாவில் சாய்ந்து இரண்டரை மணி நேரம் எழாமல் பார்க்க வேண்டும் என்றால் அது வேறு வேலை. இந்தக் கட்டுரை அந்த வேலையைப் பற்றியது.

அனுமதி: எல்லாவற்றுக்கும் முன்னால்

நாடகத்தை மேடையேற்ற வாங்கிய உரிமத்தில் படம்பிடிக்கும் உரிமை பெரும்பாலும் சேராது. படம்பிடிக்க அனுமதி கிடைத்தாலும் அதை இணையத்தில் போடும் உரிமை தனி. வசனம், பாடல் வரிகள், இசை, நடன அமைப்பு என்று ஒவ்வொன்றுக்கும் உரிமையாளர் வேறு வேறாக இருக்கலாம். எல்லோரிடமும் எழுத்தில் கேளுங்கள்: யார் பார்க்கலாம், எங்கே பார்க்கலாம், எத்தனை நாளுக்கு, கட்டணம் வாங்கலாமா. நடிகர்கள், வாத்தியக்காரர்கள் சம்மதமும் வேண்டும். சிறுவர்கள் நடித்தால் பெற்றோர் கையெழுத்து தேவை. பார்வையாளர்கள் படத்தில் தெரிவார்கள் என்றால் வாசலில் அறிவிப்பு வைக்க வேண்டும்.

உரிமையாளர் மறுத்துவிட்டால் கேமராவைப் பைக்குள் வைத்துவிடுங்கள். "நமக்குள்ளேதானே" என்று எடுத்த பதிவு நமக்குள்ளே நிற்பதில்லை. சிக்கல் வரும்போது அது நாடகக் குழுவின் தலையில்தான் விழும். பதில் வர வாரங்கள் ஆகும், சிலசமயம் மாதங்கள். நாள் குறித்த உடனேயே கடிதத்தை அனுப்பிவிடுங்கள்.

நாடகத்தை மனப்பாடம் செய்யுங்கள்

புதிதாக வருபவர்கள் கேமராவைப் பற்றி நிறையக் கேட்பார்கள், ஒத்திகை எப்போது என்று கேட்க மாட்டார்கள். என் அனுபவத்தில் நல்ல பதிவையும் சுமாரான பதிவையும் பிரிப்பது ஒத்திகைக் கூடத்தில் செலவழித்த மணிநேரம்தான்.

முதல் ஒத்திகைக்கு வெறுங்கையோடு போங்கள். பார்வையாளராக உட்கார்ந்து உங்கள் கண் தானாக எங்கே போகிறது என்று மட்டும் கவனியுங்கள். இரண்டாவது ஒத்திகையைக் கைபேசியில் நடுவிலிருந்து முழுதாகப் பிடித்துக்கொள்ளுங்கள். அந்தப் பதிவையும் நாடகப் பிரதியையும் வைத்துக்கொண்டு வீட்டில் உட்கார்ந்து குறிப்பெழுதுங்கள். எந்த வரியில் யார் நுழைகிறார்கள், எந்தச் சரணத்தில் யார் முகம் முக்கியம், எப்போது மேடை இருளும், எப்போது நடிகர்கள் பார்வையாளர்களுக்கு நடுவே நடந்து வருவார்கள் என்று ஓரத்தில் பென்சிலால் குறியுங்கள். அந்தப் பிரதிதான் காட்சியன்று உங்கள் வழித்துணை.

பிறகு இரண்டு பேரோடு பேசுங்கள். இயக்குநரிடம், "எதைத் தவறவிட்டால் உங்களுக்கு மனசு வலிக்கும்?" என்று கேளுங்கள். அவர் சொல்லும் நான்கைந்து இடங்கள் தங்கம். மேடை நிர்வாகியிடம் ஒளி, ஒலி, திரை மாற்றங்களின் வரிசையைக் கேளுங்கள். புகை, திடீர் வெடிச்சத்தம், மின்னல்போல் துடிக்கும் விளக்கு எங்கெங்கே வருகிறது என்பது விநாடி சுத்தமாக அவருக்குத் தெரியும்.

ஒலி: பாதி நேரத்தை இதற்கு ஒதுக்குங்கள்

படம் கொஞ்சம் மங்கலாக இருந்தால் மக்கள் பொறுத்துக்கொள்வார்கள். பாட்டின் வரி புரியாவிட்டால் பத்து நிமிடத்தில் எழுந்து போய்விடுவார்கள். நான் முதன்முதலில் எடுத்த இசை நாடகத்தில் கேமராவின் மைக்கை மட்டும் நம்பினேன். படம் அழகாக வந்தது. ஆனால் எனக்கு முன்வரிசையில் ஒருவர் இருமிய சத்தம், கதாநாயகி பாடியதைவிடத் தெளிவாகக் கேட்டது. பத்து வாரம் உழைத்த ஒரு குழுவின் பாட்டு என் கவனக்குறைவால் போனது இன்றும் உறுத்துகிறது.

கேமராவின் மைக்கை, பிறகு படத்தையும் ஒலியையும் பொருத்த உதவும் அடையாள ஒலியாக மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். உண்மையான ஒலி மூன்று இடங்களிலிருந்து வர வேண்டும்.

முதலாவது, நடிகர்களின் மைக்குகள். அரங்கின் ஒலி மிக்சரிலிருந்து ஒவ்வொரு மைக்கையும் தனித்தனித் தடமாகப் பதிவு செய்யச் சொல்லுங்கள். இன்றைய டிஜிட்டல் மிக்சர்கள் பலவற்றில் கணினியை ஒரே யூஎஸ்பி வயரால் இணைத்து இதைச் செய்ய முடியும். ஃபேடருக்கு, அதாவது மிக்சரில் ஒலியைக் கூட்டிக் குறைக்கும் நெம்புக்கு, முந்தைய நிலையில் எடுங்கள். அரங்கில் ஒலியமைப்பாளர் ஒரு வரியைத் தாமதமாகத் திறந்துவிட்டாலும் உங்கள் பதிவில் அந்த வரி முழுதாக இருக்கும். இதில் ஒரு கடமையும் சேர்ந்தே வருகிறது. மேடைக்குப் பின்னால் நடிகர்கள் பேசும் சொந்தப் பேச்சும் அந்தத் தடங்களில் விழும். அவற்றை யாருக்கும் கொடுக்காதீர்கள். தேவையற்ற பகுதிகளை முதல் வேலையாக வெட்டி நீக்குங்கள்.

இரண்டாவது, வாத்தியக்குழு. மிக்சரிலிருந்து வரும் மொத்தக் கலவையை அப்படியே வாங்கிப் போட்டால் என்ன ஆகும் தெரியுமா? சிறிய அரங்கில் டிரம்ஸும் பித்தளை வாத்தியங்களும் தாமாகவே உரக்கக் கேட்கும். ஆகவே ஒலியமைப்பாளர் அவற்றை ஸ்பீக்கரில் குறைவாகவே அனுப்பியிருப்பார். அரங்கில் சரியாக இருந்த அந்தக் கலவையில், பதிவில் குரல் மட்டும் மிஞ்சி வாத்தியங்கள் எலும்பும் தோலுமாக நிற்கும். வாத்தியங்களுக்கும் தனி மைக், தனித் தடம் கேளுங்கள்.

மூன்றாவது, அரங்கம். சிரிப்பு, கைத்தட்டல், ஒரு சோகப் பாட்டு முடிந்ததும் விழும் அந்த இரண்டு விநாடி மௌனம், இவை இல்லாவிட்டால் நகைச்சுவைக் காட்சி காலி அறையில் நடப்பதுபோல் இருக்கும். பார்வையாளர்களை நோக்கி ஒரு ஜோடி மைக்குகளை வையுங்கள். ஒலி விநாடிக்குச் சுமார் 343 மீட்டர்தான் போகும். மேடையிலிருந்து 20 மீட்டர் தள்ளி வைத்த மைக்குக்கு ஒலி ஏறக்குறைய 58 மில்லிசெகண்ட் தாமதமாக வந்து சேரும். விநாடிக்கு 25 ஃபிரேம் (தனிப்படம்) ஓடும் படத்தில் அது ஏறக்குறைய ஒன்றரை ஃபிரேம். அப்படியே கலந்தால் குரல் இரட்டையாக எதிரொலிக்கும். எடிட்டிங்கில் அந்தத் தடத்தை முன்னுக்கு நகர்த்தினால் சரியாகிவிடும்.

பதிவு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் இருக்கட்டும். மிக உரத்த கூட்டுப் பாடலிலும் அளவுமானி மைனஸ் 12 டெசிபெல் பக்கத்தில் (பூஜ்யம்தான் உச்சவரம்பு) நிற்கும்படி வைத்தால், உணர்ச்சிவசப்பட்டு ஒருவர் கூடுதலாகக் கத்தினாலும் ஒலி உடையாது. மிக்சரிலிருந்து வருவது லைன் மட்டத்து ஒலி, அதாவது மைக்கிலிருந்து வருவதைவிடப் பல மடங்கு பலமானது. அதை மைக் மட்டத்தில் வைத்த துளையில் செருகினால் எல்லாம் பிய்ந்துபோகும். இதை அரங்கில் ஒலிச் சோதனை நடக்கும்போதே ஹெட்ஃபோனில் கேட்டு உறுதிசெய்யுங்கள். எதற்கும் ஒரு சின்னப் பதிவுக் கருவியில் மொத்தக் கலவையையும் தனியே ஓடவிடுங்கள். கணினி நின்றுபோன ஓர் இரவில் அந்தச் சின்னக் கருவிதான் என்னைக் காப்பாற்றியது.

ஒளி: கண்ணுக்குத் தெரிவதெல்லாம் கேமராவுக்குத் தெரியாது

மேடை விளக்குகள் மனிதக் கண்ணுக்காக அமைக்கப்பட்டவை. இருட்டுப் பின்னணியில் ஒரே ஒரு பின்தொடர் விளக்கின் வட்டத்தில் பாடகி நிற்கும் காட்சியைத் தானியங்கி நிலையிலுள்ள கேமரா பார்த்தால், "எல்லாம் இருட்டாக இருக்கிறது" என்று முடிவுகட்டி வெளிச்சத்தை ஏற்றும். அவள் முகம் வெள்ளைத் தாளாகிவிடும். எக்ஸ்போஷர் (வெளிச்ச அளவு), ஃபோகஸ் (கூர்மை), ஒயிட் பேலன்ஸ் (நிறச் சமன்) மூன்றையும் கையால் இயக்குங்கள். நாடகத்தில் முகம் எப்போது மிகப் பிரகாசமாக இருக்கிறதோ அதற்கு ஏற்ப அளவை வையுங்கள். இருட்டை எடிட்டிங்கில் ஓரளவு தூக்கலாம், வெந்துபோன முகத்தில் எதையும் மீட்க முடியாது.

ஒயிட் பேலன்ஸை எல்லாக் கேமராக்களிலும் ஒரே எண்ணில் பூட்டுங்கள். பழைய பல்பு விளக்குகள் நிறைந்த அரங்கானால் 3200 கெல்வின். எல்இடி விளக்குகள் என்றால் ஒத்திகையில் சோதித்துப் பார்த்து முடிவு செய்யுங்கள். தானியங்கியில் விட்டால், இரவுக் காட்சிக்காக ஒளியமைப்பாளர் ஆசையாகப் போட்ட நீலத்தைக் கேமரா பிழை என்று நினைத்துச் சாம்பலாக்கிவிடும்.

ஷட்டர் வேகம், அதாவது ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒளி விழும் நேரம், மின்சாரத்தைப் பொறுத்தது. 50 ஹெர்ட்ஸ் மின்சாரம் உள்ள நாடுகளில் 25 ஃபிரேம், 1/50 விநாடி. 60 ஹெர்ட்ஸ் நாடுகளில் 30 ஃபிரேம், 1/60 விநாடி. இப்படி வைத்தால் சாதாரண விளக்குகளில் சிமிட்டல் வராது. எல்இடி வேறு ரகம். பலவற்றில் வெளிச்சத்தைக் குறைக்கும்போதுதான் சிமிட்டலும் பட்டையும் படத்தில் தெரியும். முழு வெளிச்சத்தில் சோதித்துவிட்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள்.

அடர்நீலம், ஊதா எல்இடி ஒளி மட்டும் முகத்தில் விழும் காட்சிகளில் கண், மூக்கு எல்லாம் ஒரே நீலத் திட்டாகக் கரைந்துவிடும். ஒத்திகையில் எடுத்ததை ஒளியமைப்பாளருக்குத் திரையில் போட்டுக் காட்டுங்கள். "மாற்றுங்கள்" என்று சொல்லத் தேவையில்லை. பார்த்ததும் அவரே முன்பக்கத்திலிருந்து கொஞ்சம் வெள்ளை ஒளியைச் சேர்ப்பார். மேடையில் அந்த மாற்றம் யாருக்கும் தெரியாது, உங்கள் படத்தில் முகம் திரும்பி வந்துவிடும்.

கேமராக்கள்: எத்தனை, எங்கே

இரண்டே கேமரா இருந்தால் இரண்டையும் நடுவில் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். ஒன்று அசையாமல் முழு மேடையையும் எடுக்கட்டும். மற்றொன்றை ஒருவர் இயக்கி, பாடுபவர்களைத் தொடர்ந்து போகட்டும். பதற்றத்தில் இரண்டாவது கேமரா தவறினாலும் முழுக் காட்சி எப்போதும் கையில் இருக்கும். மூன்றாவது கிடைத்தால் அரங்கின் ஒரு பக்கத்துக்குப் போகட்டும். நான்காவதும் இருந்தால் எதிர்ப்பக்கத்துக்கு. மேடையில் எதிரெதிரே நின்று பேசும் இருவரில், இடப்பக்கம் பார்த்து நிற்பவரின் முகம் இடப்பக்கக் கேமராவுக்குத்தான் நேராகக் கிடைக்கும். முழு மேடையைப் பிடிப்பதை 4கே தரத்தில் எடுத்தால், முழு எச்டி படத்துக்காக அதிலிருந்து பாதி அகலம்வரை வெட்டி எடுத்துக்கொள்ளலாம். அது கூடுதலாக ஒரு கேமரா கிடைத்ததுபோல.

உயரம் முக்கியம். லென்ஸ் நடிகரின் கண் மட்டத்தில் இருப்பது நல்லது. மேடை ஒரு மீட்டர் உயரம் என்றால், தரையிலிருந்து சுமார் இரண்டரை மீட்டர். சரிவாக உயரும் இருக்கைகள் உள்ள அரங்கில் நடு வரிசைகளில் இந்த மட்டம் தானாகக் கிடைக்கும். மாடியிலிருந்து எடுத்தால் நடிகர்கள் குள்ளமாகத் தெரிவார்கள், அவர்களுக்குப் பின்னணி மேடைத் தரையாகிவிடும்.

லென்ஸுக்கு ஒரு கணக்கு. ஃபுல் ஃபிரேம் கேமரா (பழைய 35 மில்லிமீட்டர் ஃபிலிம் அளவு சென்சார் உள்ளது) மேடையிலிருந்து 20 மீட்டர் தள்ளி இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். 200 மில்லிமீட்டர் லென்ஸில் படத்தின் அகலம் 3.6 மீட்டர், உயரம் சுமார் 2 மீட்டர். அதாவது ஒரு ஆள் தலை முதல் கால்வரை. இடுப்புவரை வேண்டும் என்றால் 400 மில்லிமீட்டர் தேவை. இந்தக் கணக்குத் தெரியாமல் சிறிய லென்ஸோடு போய்ச் சேர்ந்து, இரவு முழுவதும் எறும்புகளைப் படம்பிடித்தவர்கள் உண்டு. நீண்ட லென்ஸில் பக்கத்தில் ஒருவர் கால் ஆட்டினாலும் படம் நடுங்கும். கனமான ட்ரைபாடை, பார்வையாளர் இருக்கைகளோடு ஒட்டாத உறுதியான தரையில் நிறுத்துங்கள். அந்த இடத்தின் இருக்கைகளை விற்க வேண்டாம் என்று முன்பே சொல்லிவைக்க வேண்டும். வெளியேறும் வழியில் வயரோ காலோ நீட்டக் கூடாது.

பாட்டை எப்படிப் பார்ப்பது

ஒரு பாட்டு தொடங்கும்போது யார் எங்கே நிற்கிறார்கள் என்று முதலில் அகலமாகக் காட்டுங்கள். பிறகு நெருங்குங்கள். இடுப்புக்கு மேல் தெரியும் அளவுதான் இசை நாடகத்தின் சோறு. மார்புக்கு மேல் நெருங்குவதை அபூர்வமாக வைத்துக்கொள்ளுங்கள். மேடை நடிகர் கடைசி வரிசைக்கும் போய்ச் சேரும்படி நடிக்கிறார். உச்சஸ்தாயியில் அகலத் திறந்த வாயையும் நெற்றியில் ஒட்டிய மைக்கையும் திரை நிறைய வைத்தால் அந்த நடிப்பு மிகையாகத் தெரியும். தவறு அவருடையது அல்ல, தூரத்தைக் கெடுத்தது நாம்.

மாற்றிக் காட்டுவது இசையின் மூச்சோடு போக வேண்டும். ஓர் இசை வாக்கியம் முடிந்து அடுத்த வரிக்குப் பாடகர் மூச்செடுக்கும் இடம் மிக நல்ல இடம். கேமரா நகர்ந்தால் இசை வாக்கியத்தோடு தொடங்கி அதோடு நிற்கட்டும். இருவர் சேர்ந்து பாடும்போது மாறி மாறி முகங்களைக் காட்டாமல் இருவரையும் ஒரே படச்சட்டத்தில் வைத்துப் பாருங்கள். அவர்களுக்கு நடுவே உள்ள இடைவெளியும் கதை சொல்லும். பாடாமல் கேட்டுக்கொண்டிருப்பவரை மறக்காதீர்கள். தொடக்கத்தில் சொன்ன அந்தத் தாயின் முகத்தை இரண்டாம் சரணத்தின் நடுவில் நான்கு விநாடி காட்டினால் பாட்டின் பொருளே ஆழமாகும்.

நடனத்தில் காலை வெட்டாதீர்கள். ஹாலிவுட் நடனக் கலைஞர் ஃபிரெட் அஸ்டயர் தன் நடனத்தைத் தலை முதல் பாதம்வரை முழு உருவமாக, முடிந்தவரை இடைவெட்டு இல்லாமல் எடுக்க வேண்டும் என்று வற்புறுத்தினார். அது இன்றைக்கும் பொருந்தும். இருபது பேர் ஒன்றாக ஆடும்போது அழகு அவர்களின் வடிவத்தில் இருக்கிறது. அங்கே அகலக் காட்சிதான் அரசன். உடலால் செய்யும் நகைச்சுவைக்கும் அப்படியே. கேலி எங்கே தொடங்கி எங்கே விழுகிறது என்பது ஒரே சட்டத்தில் தெரிய வேண்டும்.

முடிந்தால் நாடகத்தை இரண்டு நாள் எடுங்கள். கேமராக்களை இரண்டாம் நாள் இடம் மாற்றினால் புதிய கோணங்கள் கிடைக்கும். ஆனால் வாத்தியங்கள் நேரடியாக வாசிக்கப்பட்டால் இரண்டு நாளின் வேகமும் ஒன்றாக இருக்காது. முதல் நாள் குரலுக்கு இரண்டாம் நாள் உதடு பொருந்தாது. அங்கே பாடுபவரின் வாய் தெரியாத காட்சிகளையும், கேட்பவர் முகங்களையும்தான் மாற்றிப் பயன்படுத்த முடியும். முன்பே பதிவு செய்த இசைக்குப் பாடும் நாடகமானால் இந்தச் சிக்கல் பெரும்பாலும் இல்லை. 2016 ஜூனில் அமெரிக்காவின் 'ஹாமில்டன்' இசை நாடகத்தைப் படம்பிடித்தவர்கள் பார்வையாளர்கள் இருந்த காட்சிகளோடு நிற்காமல், ஆள் இல்லாத அரங்கில் சில பாடல்களைத் தனியே நெருக்கத்திலும் எடுத்தார்கள். அந்த அளவுக்கு வசதி இல்லாவிட்டாலும், உடை ஒத்திகையன்று ஒரு கேமராவை முதல் வரிசைக்கு அருகே கொண்டுபோக உங்களாலும் முடியும்.

காட்சியன்று

வினாடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் இரண்டரை மணி நேரம் எடுத்தால் ஒரு கேமராவுக்கே சுமார் 112 ஜிபி ஆகும். இரண்டு மடங்கு இடமுள்ள நினைவக அட்டைகளைக் கொண்டுபோங்கள். சில கேமராக்கள் அரைமணி நேரத்தில் பதிவைத் தாமாக நிறுத்திவிடும். உங்களுடையது எப்படி என்று வீட்டிலேயே முழு நீளத்துக்கு ஓடவிட்டுப் பாருங்கள். முடிந்த இடத்தில் மின்இணைப்பிலிருந்து ஓட்டி, பேட்டரியைத் துணைக்கு வையுங்கள்.

கேமராவின் சிவப்பு விளக்கைக் கறுப்பு நாடாவால் மூடுங்கள், திரையின் வெளிச்சத்தைக் குறையுங்கள். பணம் கொடுத்து வந்தவர்களின் இருட்டை நாம் கெடுக்கக் கூடாது. ஒவ்வொரு பாதியின் தொடக்கத்திலும் எல்லாக் கேமராக்களுக்கும் கேட்கும்படி ஒருவர் ஒருமுறை கை தட்டட்டும். பிறகு இடைவேளைவரை எதையும் நிறுத்தாதீர்கள், கைத்தட்டலின்போதுகூட.

எடிட்டிங்

அட்டைகளை இரண்டு வட்டுகளில் நகலெடுத்த பிறகே அழிக்கலாம். எல்லாத் தடங்களையும், பாதியின் தொடக்கத்தில் ஒருவர் தட்டிய அந்த ஒற்றைக் கைத்தட்டலில் பொருத்திவிட்டு, ஒரு மணி நேரம் தள்ளிப்போய் மறுபடி பாருங்கள். கருவிகளின் கடிகாரங்கள் ஒன்றுபோல் ஓடுவதில்லை. பத்து லட்சத்தில் பத்து பங்கு வித்தியாசம் இருந்தாலே ஒரு மணி நேரத்தில் 36 மில்லிசெகண்ட் விலகிவிடும், அது கிட்டத்தட்ட ஒரு ஃபிரேம். விலகினால், பாட்டுக்கு நடுவில் கைவைக்காமல் காட்சி மாறும் இருட்டிலோ மௌனத்திலோ வெட்டிச் சரிசெய்யுங்கள்.

முதல் தொகுப்பை நேரலைபோல ஒரே ஓட்டத்தில், குறிப்பெழுதிய பிரதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்யுங்கள். அதில் நாடகத்தின் தாளம் இருக்கும். பிறகு தவறுகளைத் திருத்துங்கள். நிறத்தை நடுக் கேமராவுக்கு ஏற்ப மற்றவற்றில் ஒத்துப்போகச் செய்யுங்கள். ஒலிக்கலவையை நல்ல ஹெட்ஃபோனில் செய்துவிட்டு, தொலைக்காட்சியின் சாதாரண ஸ்பீக்கரிலும் கைபேசியிலும் கேளுங்கள். மெல்லப் பேசும் வரி அங்கே கேட்காவிட்டால் அதை உயர்த்துங்கள். அதற்காக மொத்தத்தையும் ஒரே சத்தமாக நசுக்கிவிடாதீர்கள். நீண்ட கைத்தட்டலைச் சுருக்கலாம், இறுதி வணக்கத்தைச் சுருக்கக் கூடாது. பாடல் வரிகளுக்கு வசனவரி சேருங்கள். கூட்டுப் பாடலில் மூன்று பேர் மூன்று வரிகளைப் பாடும்போது கதையை நகர்த்தும் வரியை எழுதினால் போதும். ஒவ்வொரு பாட்டுக்கும் அத்தியாயக் குறி வைத்தால் பார்ப்பவர் பிடித்த இடத்துக்குத் திரும்பிப் போகலாம்.

முடித்ததும் நாடகத்தைப் பார்க்காத ஒருவரை உட்காரவைத்துப் போட்டுக் காட்டுங்கள். நீங்கள் பின்னால் உட்கார்ந்து அவரைப் பாருங்கள். அவர் எப்போது கைபேசியை எடுக்கிறார், எங்கே "என்ன சொன்னான்?" என்று கேட்கிறார், எங்கே முன்னால் நகர்ந்து உட்காருகிறார் என்று நேரத்தோடு குறித்துக்கொள்ளுங்கள். மறுநாள் அந்த இடங்களைத் திறந்து வேலையைத் தொடங்குங்கள்.